பென்சில்

வெயிலைத் திட்டுவதுபோலத்தான் சொன்னேன்.
கை வேலையில் இருக்கும்போது
வாய் தன்பாட்டுக்குப் போகும் தொழில் எனக்கு.

டர்பன் கிரே தெருவில் மாடிக் கடை, மூன்று நாற்காலி.
மூன்றாவதில் பலகை போட்டு உட்காரவைத்திருந்தேன்,
தைலம்மாவின் மகன் லோகனை. ஏழு வயசு.
சீப்பில் இரண்டு பல் போயிற்று.
"இதென்ன முடி தம்பி,
உங்கம்மா எந்த ஜூலுக்காரனிடம் கடன் வாங்கினாள்?"

கடை முழுக்கச் சிரிப்பு.
எதற்கென்று தெரியாமல் பையனும் சிரித்தான்,
கழுத்தில் கட்டிய துணி குலுங்க.
பெஞ்சில் ஒருவன் பேப்பரை மடித்து வைத்துவிட்டு
முறை வருமுன்னே எழுந்து போனான்.
முகம் நினைவில்லை. பழுப்பு ஷூ,
இடது காலில் மட்டும் புது லேஸ்.

மழைக்காலம் முடியுமுன்
பள்ளிக்கூடத்துக்கு இரண்டு அதிகாரிகள் வந்தார்கள்.
லோகனை வராந்தாவில் நிறுத்தி
முடிக்குள் ஒரு பென்சிலைச் செருகினார்கள்.
தலையை ஆட்டச் சொன்னார்கள்.

ஆட்டினான்.
பென்சில் விழவில்லை.

தாய்க்கு ஓர் இனம், பிள்ளைக்கு ஓர் இனம்.
இரண்டு காகிதமும் ஒரே கூரையின் கீழ் இருக்கக்கூடாதாம்.
வெண்ட்வொர்த்தில்
யாரோ ஒரு வீட்டின் பின்கட்டில் அவன் வளர்ந்தான்.

நான் கடை திறந்தேன், கடை மூடினேன்.
பதினாலு தைப்பூசம் நாக்கில் அலகு குத்திக்கொண்டேன்.
வேலை உருவியதும் விபூதி வைப்பார்கள்.
அன்று ராத்திரியே புளிக்குழம்பு சாப்பிட முடிந்தது,
எரியக்கூட இல்லை.
முருகன் அவ்வளவு சீக்கிரம் ஆற்றிவிடுகிறான்.
எனக்கு அவன்மேல் அதுதான் கோபம்.

பதினைந்தாம் வருஷம் கோயிலுக்குப் போகாமல்
சாட்ஸ்வொர்த் பஸ் ஏறினேன்.

தைலம்மா பள்ளிக்கூடக் கோட்டுகளுக்குப்
பொத்தான் தைத்துக்கொண்டிருந்தாள்.
மடியில் ஒன்று, தரையில் ஒரு குவியல்.
அன்று சொன்னதை அப்படியே சொன்னேன்,
சிரிப்பை மட்டும் எடுத்துவிட்டு.

"அப்ப பூங்காவனம் இல்லையா?"

புரியவில்லை எனக்கு.
"என் நாத்தனார்.
அவதான் மொட்டைக் கடுதாசி போட்டாள்னு இருந்தேன்.
ஒரு கல்யாணத்துல எதிரே வந்தவளை
எல்லார் முன்னாலயும் துப்பினேன்.
போன ஆடியில செத்தாள். வாய்க்கரிசிக்கும் போகலை."
மறுபடி கேட்டாள், என்னையல்ல, ஊசியை:
"பூங்காவனம் இல்லையா?"

ஏசுவாள் என்று காத்திருந்தேன்.
பல்லால் நூலைக் கடித்தாள்.
"மன்னிக்கிறதைப் பத்தி அப்புறம் பாப்போம்.
டொங்காட்டுக்குப் போ. அவ மகன் மில்லுல இருக்கான்.
எங்கிட்ட சொன்ன மாதிரியே அவன்கிட்ட சொல்லு.
துப்பினது நான்தான்னு என் பேரையும் சேர்த்துக்க."

"லோகனிடம்?"

"நீ சொல்ற பாஷை அவனுக்கு இப்ப தெரியாது."

அடுத்த பொத்தானை எடுத்துவிட்டாள்.

டொங்காட் பஸ்ஸில் ஜன்னல் மூடவில்லை.
எங்கோ கரும்புக்குத் தீ வைத்திருந்தார்கள்.
கரிச்சுருள் பறந்து வந்து சட்டையில் உட்கார்ந்தது,
வெட்டி விழுந்த முடி மாதிரியே.
பழக்கத்தில் தோளைத் தட்டினேன்.

அப்போதுதான் அந்தத் துடைப்பம் வந்தது.

கடை முழுக்கச் சிரித்தது என்று
இவ்வளவு நாளும் எனக்கே சொல்லிவந்தேன்.
கீழே முடி கூட்டிக்கொண்டிருந்த பெக்கானி சிரிக்கவில்லை.
ஜூலுக்காரன் என்றேனே, அந்த இடத்தில்
துடைப்பம் நின்றது.
இரண்டு மூச்சு நேரம்.
பிறகு நாற்காலியின் காலைச் சுற்றிக்கொண்டு போயிற்று.

ஒன்பது வருஷம் என் கடையைக் கூட்டினான்.
எந்த மலை, எந்தக் குடும்பம், கேட்டதில்லை.
சம்பள நோட்டில் வாராவாரம் நானே எழுதினேன்,
பெயருக்கான இடத்தில்:
பையன்.

கடைசியாகப் பார்த்தபோது
அவன் தாடி முழுக்க நரைத்திருந்தது.